பழைய கோவைகளை அழிக்க வேண்டாம்

எமது கிராமங்களிலுள்ள மாதர் சங்கங்கள், சிக்கனக் கடனுதவிச் சங்கங்கள், மீனவர் சங்கங்கள் பலவற்றின் பழைய கூட்ட அறிக்கைகளையும் பெயர்ப் பட்டியல்களையும் இன்று கணனியில் திறந்தால், ஆங்கில எழுத்துக் குவியலே தெரிகின்றது. பணத் தொகைகள் மட்டும் சரியாக நிற்கும். அப்பணம் யாருக்குரியது என்று வாசிக்க முடியாது. கோவை பழுதாகிவிட்டது என்று எண்ணிப் பலர் அதை அழித்துவிடுகின்றனர்.

கோவையில் பழுதொன்றும் இல்லை. அது பாமினி போன்ற எழுத்துருவில் தட்டச்சு செய்யப்பட்டது. அந்த எழுத்துருவில் ஜே, கே, பி, ஓ ஆகிய ஆங்கில எழுத்துக்களையும் ஓர் அரைப்புள்ளியையும் தட்டினால், திரையில் ‘தமிழ்’ என்று தோன்றும். கணனி சேமித்து வைப்பதோ அந்த ஆங்கில எழுத்துக்களையே. பாமினி இல்லாத கணனி, எவருக்கும் சொல்லாமல் வேறோர் எழுத்துருவைப் போட்டுக் காட்டுகின்றது. யுனிக்கோட் முறையில் இந்தச் சிக்கல் இல்லை. 1991இல் வெளிவந்த அதன் முதற் பதிப்பிலேயே தமிழ் எழுத்துக்களுக்குத் தனி எண்கள் கொடுக்கப்பட்டன. ஓர் எழுத்துரு இல்லாவிடின் இன்னொரு தமிழ் எழுத்துரு அவ்விடத்தை நிரப்பும்; எதுவுமே இல்லாவிடின் வெறும் பெட்டிகள் தெரியும்.

இது கணனி படித்த பிள்ளைகளின் விடயம் என்று நாம் ஒதுங்கிவிட முடியாது. 2004 ஆழிப்பேரலையின் பின்னரும், 2009இல் போர் முடிந்த பின்னரும் எத்தனையோ வீட்டுப் பட்டியல்களும் படகுப் பட்டியல்களும் இவ்வாறே தட்டச்சு செய்யப்பட்டன. கடதாசிப் பிரதிகளைக் கறையானும் வெள்ளமும் கொண்டுபோயிருந்தால், ஒரு குடும்பம் இந்தக் கிராமத்தில் இருந்தது, இவ்வளவு சேமித்தது என்பதற்கு அந்தக் கோவையே எஞ்சிய சாட்சியாக இருக்கலாம். (வெளிநாட்டு உதவி நிறுவனங்களுக்கு ஆங்கில அறிக்கை எழுதப் பணம் ஒதுக்கும் நாம், மக்களின் தமிழ்ப் பதிவுகளைக் காக்க ஒரு சதமேனும் ஒதுக்குவதில்லை.)

செய்ய வேண்டியது கடினமன்று. முதலில் கோவைக்கு ஒரு பிரதி எடுங்கள். பின்னர் பாமினியைக் கணனியில் நிறுவி, எழுத்துக்களைத் தெரிவு செய்து அந்த எழுத்துருவுக்கு மாற்றிப் பாருங்கள். தமிழ் தெரிந்தால், இலவசமாகக் கிடைக்கும் மாற்றிகளில் ஒன்றினால் யுனிக்கோட்டுக்கு மாற்றலாம். மாற்றியை முழுதாக நம்ப வேண்டாம். இடையில் வரும் ஆங்கிலச் சொற்களை அது பொருளற்ற தமிழாக்கிவிடும். ‘கௌரி’ என்ற பெயர் ‘கெளரி’ ஆகிவிடுவதும் உண்டு. கண்ணுக்கு இரண்டும் ஒன்றுபோலவே தெரியும். ஆனால் கௌரியைத் தேடினால் கணனி, அப்படி ஒருவர் இல்லை என்று சொல்லும்.

பிடிஎப் ஆக அனுப்பும்போது எழுத்துருவை உள்ளடக்கி அனுப்பினால் பெறுபவர் வாசிக்கலாம். எனினும் பாமினியில் செய்த பிடிஎப்பிலிருந்து ஒரு வரியைப் பிரதி செய்தால் மீண்டும் அதே ஆங்கிலக் குவியல்தான் வரும். சில அச்சகங்கள் இன்றும் பாமினியையே கேட்கின்றன. அவர்களுக்கு அப்படியே கொடுங்கள், சங்கத்தின் மூலப் பிரதியை யுனிக்கோட்டில் வைத்துக்கொள்ளுங்கள்.

இவ்வேலையைத் தட்டச்சு தெரிந்த இளைஞரிடம் மட்டும் விட்டுவிடலாகாது. பட்டியலிலுள்ள ஆட்களை அறிந்தவர் பழைய செயலாளரே. அடுத்த மாதக் கூட்டத்திலேயே ஒரு நாளைக் குறித்து, இருவரையும் ஒரே கணனியின் முன் அமர்த்துங்கள்.