பால் ஜாயிண்ட்டும் அலைன்மெண்ட் வெங்காயமும்

முதல்லயே சொல்லிடறேன், இது கொஞ்சம் காரமான பதிவு. பி.பி. இருக்கிறவங்க அடுத்த பதிவுக்குப் போயிடலாம்.

மாசம் ஒருக்கா வாட்டர் வாஷ் விடறோம். டேஷ்போர்டு பிள்ளையாருக்குப் பூ வைக்கிறோம். ஆயுத பூஜை வந்தா பூசணிக்காய் உடைச்சு, எலுமிச்சம்பழத்தைச் சக்கரத்துக்கு அடியில வச்சு நசுக்கறோம். எல்லாம் சரி. அந்தச் சக்கரத்தை வண்டியோட பிடிச்சு வச்சிருக்கிற சாமான் எது, அது எந்த நிலைமையில இருக்குன்னு என்னிக்காவது குனிஞ்சு பார்த்திருக்கோமா?

அந்தச் சாமானுக்குப் பேரு பால் ஜாயிண்ட். நசுக்கின எலுமிச்சம்பழத்தை விட அதிகம் பெரிசா இருக்காது. நம்ம தோள்பட்டை மூட்டு மாதிரிதான். உருண்டைத் தலை உள்ள ஒரு எஃகுத் தண்டு, ஒரு கிண்ணத்துக்குள்ள உட்கார்ந்திருக்கும். நடுவுல வழுவழுப்பான ஒரு லைனிங், சுத்தி கிரீஸ், மேல ஒரு ரப்பர் பூட். கீழே இருக்கிற லோயர் ஆர்மையும், சக்கரம் மாட்டியிருக்கிற நக்கிளையும் இணைக்கிறது இதுதான். சக்கரம் மேலும் கீழும் ஏறி இறங்கணும், ஸ்டீரிங் ஒடிச்சா திரும்பவும் வேணும். ரெண்டையும் ஒரே நேரத்துல அனுமதிக்கிறது இந்த உருண்டை.

இது தேயும். தேயறது குத்தமில்ல. தேய்ஞ்சதை நாம எப்படிக் கையாளறோம் என்பதுதான் இந்தப் பதிவோட பஞ்சாயத்து.

முன்பக்கம் "டொக் டொக்"னு சத்தம் வருது, ஸ்டீரிங் ஒரு பக்கமா இழுக்குதுன்னு நாலு பேர்கிட்ட சொல்லிப் பாருங்க. நாலு பேரும் ஒரே மருந்துதான் சொல்வாங்க: "அலைன்மெண்ட் பார்த்துடு, சரியாயிடும்." தலைவலிக்கு, காய்ச்சலுக்கு, கால்முறிவுக்கு, எல்லாத்துக்கும் ஒரே மாத்திரை.

என் அக்கா வீட்டுக்காரர் வண்டிக்கு இப்படித்தான் ரெண்டே மாசத்துல மூணு அலைன்மெண்ட் ஆச்சு. மூணாவது தடவை நானும் கூடப் போயிருந்தேன். கடை பேரு வேணாம். முன் இடது டயரோட உள்விளிம்பு மட்டும் மொட்டையா இருக்கு. கடைத் தம்பி நாலு சக்கரத்திலயும் கருவியை மாட்டினார். திரையில சிவப்பா இருந்த எண்ணெல்லாம் பச்சையாச்சு. காகிதம் ஒண்ணு அடிச்சுக் கொடுத்தார். "ஜாயிண்ட்டை அசைச்சுப் பார்த்தீங்களா தம்பி?"ன்னு கேட்டேன். "அது மெக்கானிக் வேலை சார், நாங்க அலைன்மெண்ட் மட்டும்தான்."

இந்த ஒரு பதில்தான் இந்தப் பதிவை எழுத வச்சது.

அலைன்மெண்ட் என்பது சக்கரங்கள் நிக்கிற கோணங்களை அளந்து திருத்தற வேலை. அந்தக் கோணத்தைப் பிடிச்சு வச்சிருக்கிற மூட்டே லொடலொடன்னு ஆடுதுன்னா, நிக்கும்போது ஒரு கோணம், பள்ளத்துல இறங்கும்போது ஒரு கோணம், பிரேக் அடிச்சா இன்னொரு கோணம். இதுல எதைத் திருத்தினீங்க? ஆடற பல்லுக்கு யாராவது கிளிப் போடுவாங்களா? ஜாயிண்ட், புஷ், டை ராடு எண்ட் எல்லாத்தையும் அசைச்சுப் பார்த்துட்டுத்தான் அலைன்மெண்ட்டில் கை வைக்கணும் என்பது அந்தத் தொழிலோட பாலபாடம். அதைச் செய்யாம பச்சை எண் காட்டற கடை, காகிதம் விக்கிற கடை.

இதைச் சொன்னா, "அப்ப கம்பெனி சர்வீஸ்ல விடுங்க"ன்னு ஒரு கோஷ்டி கிளம்பும். அங்க கதை நேர் எதிர். "டொக்"குன்னு ஒரு சத்தம் சொன்னா போதும், ஸ்ட்ரட் ரெண்டு, லோயர் ஆர்ம் ரெண்டு, ஸ்டீரிங் ராக் ஒண்ணுன்னு கல்யாணச் சீர்வரிசை மாதிரி ஒரு எஸ்டிமேட் வரும். இதுல எது தேய்ஞ்சிருக்கு, எவ்வளவு ஆட்டம், யார் பார்த்தாங்க? பல இடத்துல வண்டியைத் தூக்காமலே லிஸ்ட் தயாராயிடுது. எல்லாரையும் சொல்லல. தூக்கிக் காட்டி விளக்கற நல்ல அட்வைசர்களும் இருக்காங்க. ஆனா நாம கேட்டாத்தான் காட்டுவாங்க.

மூணாவது வகை, மூலைக்கடை வைத்தியம். தேய்ஞ்ச ஜாயிண்ட்டோட கிண்ணத்தைச் சுத்தியலால தட்டி இறுக்கறது, மூடியில வெல்டிங் பொட்டு வைக்கிறது, கிழிஞ்ச பூட்டுக்குள்ள கிரீஸைத் திணிச்சு கம்பியால கட்டறது. சத்தம் நின்னுடும், நாமளும் "அண்ணன் கைராசி"ன்னு சந்தோஷமா வருவோம். ஆனா வெல்டிங் சூட்டுல உள்ள இருக்கிற லைனிங் கருகிடும், பதம் பண்ணின எஃகும் தன் பதத்தை இழக்கும். தேய்ஞ்ச உருண்டை தேய்ஞ்சதுதான். நின்னுபோனது நோய் இல்ல, நோயைச் சொன்ன வாய். தட்டி இறுக்கின ஜாயிண்ட்டை விட சத்தம் போடற ஜாயிண்ட்டே மேல்.

சரி, இவங்களைத் திட்டிட்டு நாம தப்பிச்சுக்க முடியாது. "ஓடுற வரைக்கும் ஓடட்டும்"னு சொல்றது நாமதான். பால் ஜாயிண்ட் பெரும்பாலும் சொல்லாம கொள்ளாம போறதில்ல. மாசக்கணக்குல கதவைத் தட்டும். நாம எஃப்.எம். சத்தத்தைக் கூட்டி வச்சுப்போம். கடைசியில உருண்டை கிண்ணத்தை விட்டுக் கழண்டா, சக்கரம் பக்கவாட்டுல மடங்கி வண்டியின் மூக்கு ரோட்டுல உட்காரும். கூடவே டிரைவ் ஷாஃப்ட் பிடுங்கிக்கலாம், பிரேக் ஹோஸ் அறுந்து போகலாம். தெருமுனையில மெதுவா திரும்பும்போது நடந்தா அதிர்ஷ்டம். பெருங்களத்தூர் தாண்டி ஜி.எஸ்.டி. ரோட்டுல 90ல போகும்போது நடந்தா? அன்னிக்கு "சடன்னா ஒடிஞ்சிடுச்சு"ன்னு சொல்வோம். சடனாவது ஒண்ணாவது!

அரசாங்கம் பார்த்துக்கும்னு நினைக்காதீங்க. சொந்தக் காருக்கு முதல் பதிவு 15 வருஷம் செல்லும். அதுவரைக்கும் புகை சர்டிபிகேட் கேட்பாங்களே தவிர, சக்கரம் ஒழுங்கா ஒட்டிக்கிட்டிருக்கான்னு யாரும் கேட்க மாட்டாங்க. இங்கிலாந்துல 3 வருஷம் ஆன கார் வருஷா வருஷம் சோதனைக்குப் போகணும். அழுக்கு உள்ளே போற அளவுக்கு பால் ஜாயிண்ட் பூட் கிழிஞ்சிருந்தாலே அங்க ஃபெயில். ஜாயிண்ட் தேயக்கூட வேணாம், பூட் கிழிஞ்சா போதும்! இன்ஷூரன்ஸ் இருக்கேன்னா, பாலிசியை எடுத்துப் படிங்க. தேய்மானத்துக்குக் காசு கிடையாதுன்னு தெளிவாவே போட்டிருக்கும்.

பெரிய கம்பெனி பண்ணினா தப்பே இருக்காதுன்னும் இல்ல. 2005ல டொயோட்டா அமெரிக்காவுல டகோமா, டன்ட்ரா உள்ளிட்ட 7 லட்சத்துக்கும் மேல வண்டிகளைத் திரும்பக் கூப்பிட்டது இதே முன்பக்க பால் ஜாயிண்ட்டுக்காகத்தான். அவங்களே கூப்பிட்டுப் பார்த்த சாமானை, நாம நம்ம வீட்டு வாசல்ல குனிஞ்சு பார்க்கக் கூடாதா?

திட்டினது போதும், விஷயத்துக்கு வருவோம்.

சத்தம்: ஸ்பீடு பிரேக்கர்ல மெதுவா ஏறி இறங்கும்போது "டொக்"குன்னு ஒரு கனமான ஒத்தைச் சத்தம், பார்க்கிங்ல ஸ்டீரிங் ஒடிக்கும்போது "கடக்". இது வந்தா பால் ஜாயிண்ட் மேல சந்தேகப்படலாம். சின்னச் சின்ன மேடுபள்ளத்துல "கடகட"ன்னு லேசா ஓடினா பெரும்பாலும் ஸ்டெபிலைசர் லிங்க். முழுசா ஒடிச்சு ஆக்ஸிலரேட்டர் கொடுக்கும்போது "டிக் டிக் டிக்"னா அது டிரைவ் ஷாஃப்ட் ஜாயிண்ட். சத்தத்தை மட்டும் வச்சுத் தீர்ப்பு எழுதக் கூடாது, அது சாட்சிதான்.

டயர்: ஒரு விளிம்பு மட்டும் தேயறது, நேர்ரோட்டுல வண்டி அங்கயும் இங்கயும் அலையறது, பிரேக் அடிச்சா இழுக்கறது. இதெல்லாம் ரெண்டாவது சாட்சி.

பூட்: சக்கரத்துக்குப் பின்னால டார்ச் அடிச்சுப் பாருங்க. ரப்பர் கிழிஞ்சு கிரீஸ் வழிஞ்சிருந்தா, தண்ணியும் மண்ணும் உள்ளே போக ஆரம்பிச்சாச்சு. கிரீஸும் மண்ணும் சேர்ந்தா உப்புத்தாள் வேலைதான் செய்யும். மழைக்காலத்துல முட்டளவு தண்ணியில வண்டி விட்டவங்க இதைக் கட்டாயம் பார்க்கணும்.

ஆட்டம்: இதுதான் தீர்ப்பு. சமதளத்துல நிறுத்தி, ஹேண்ட் பிரேக் போட்டு, பின்சக்கரத்துக்கு முன்னும் பின்னும் கல் வச்சு, முன்பக்கத்தைத் தூக்குங்க. ஜாக்கியை மட்டும் நம்பாதீங்க, ஸ்டாண்டு வைக்காம கை காலை உள்ளே விடாதீங்க. டயரைக் கடிகாரம்னு நினைச்சுக்குங்க. 12லயும் 6லயும் பிடிச்சு உள்ளே வெளியே அசைங்க, இன்னொருத்தர் ஜாயிண்ட்டையே பார்க்கட்டும். ஆட்டம் தெரிஞ்சா ஒருத்தரை பிரேக்கை மிதிக்கச் சொல்லி மறுபடி அசைங்க. ஆட்டம் நின்னா வீல் பேரிங், நிக்கலைன்னா பால் ஜாயிண்ட் பக்கம் போகணும். 9லயும் 3லயும் பிடிச்சு ஆடினா டை ராடு எண்ட்டைப் பாருங்க.

இதுல ஒரு சூட்சுமம் இருக்கு, பல மெக்கானிக்கே கோட்டை விடற இடம். ஸ்விஃப்ட், வேகன் ஆர் மாதிரி ஸ்ட்ரட் வச்ச வண்டியில பாரம் ஸ்ட்ரட் வழியா மேலே போயிடும். அதனால பாடியில தூக்கி, சக்கரத்தைத் தொங்கவிட்டு, லோயர் ஆர்முக்கும் நக்கிளுக்கும் நடுவுல நீளமான கம்பி கொடுத்து நெம்பிப் பார்க்கணும். இன்னோவா மாதிரி மேலயும் கீழயும் ஆர்ம் இருந்து, ஸ்பிரிங் கீழ் ஆர்ம்ல உட்கார்ந்திருக்கிற வண்டியில கீழ் ஆர்முக்கு அடியிலயே ஜாக்கி கொடுக்கணும். இல்லைன்னா ஸ்பிரிங் அழுத்தத்துல ஜாயிண்ட் விறைப்பா நிக்கும், ஆட்டமே தெரியாது. "நல்லாத்தான் இருக்கு சார்"னு அனுப்பிடுவாங்க.

மாத்தும்போது: சில வண்டிக்கு ஜாயிண்ட் தனியா கிடைக்கும், சிலதுல லோயர் ஆர்மோட சேர்ந்துதான் வரும். டப்பாவைப் பார்த்து வாங்குங்க. நம்ம சென்னை ராணே மாதிரி, வண்டி கம்பெனிகளுக்கே சப்ளை பண்றவங்க சாமான் கடையில கிடைக்கும்போது, பேரில்லாத பாக்கெட்டை வாங்கி சக்கரத்தை ஏன் ஒப்படைக்கணும்? நட்டு, ஸ்ப்ளிட் பின் புதுசா போடுங்க. டார்க் ரெஞ்ச் கேளுங்க. ஆர்மோட ரப்பர் புஷ் போல்ட்டைக் கடைசியா இறுக்கறப்போ வண்டி தன் பாரத்துல உட்கார்ந்திருக்கணும், தொங்கும்போது இறுக்கினா புஷ் முறுக்கிக்கிட்டு சீக்கிரம் கிழியும். ரெண்டு பக்கமும் கண்ணை மூடிக்கிட்டு மாத்தணும்னு இல்ல. ஆனா அந்தப் பக்கமும் இதே ரோட்டுலதான் ஓடியிருக்கு, அசைச்சுப் பார்த்துட்டு முடிவு பண்ணுங்க. இதெல்லாம் முடிச்சப்புறம் அலைன்மெண்ட் பாருங்க. அப்பத்தான் அது அலைன்மெண்ட். அதுக்கு முன்னால பண்றது வெங்காயம்.

"ரோடு இப்படி இருக்கும்போது எதை மாத்தி என்ன சார்?"னு பின்னூட்டத்துல ஒருத்தர் கட்டாயம் வருவார். ஒத்துக்கறேன். இந்தியன் ரோட்ஸ் காங்கிரஸ் கணக்குப்படி 25 கி.மீ. வேகத்துக்கான ஸ்பீடு பிரேக்கர் 3.7 மீட்டர் அகலம், 10 செ.மீ. உயரம் இருக்கணும். நம்ம தெருவுல ராத்திரியோட ராத்திரியா போடறது ஒரு அடி அகலத்துல ஒரு குட்டிச்சுவர். அதைப் போடறவங்களை நாக்கைப் பிடுங்கிக்கிற மாதிரி நாலு கேள்வி கேட்கணும்தான். ஆனா ரோடு மோசம்னா ஜாயிண்ட்டை அடிக்கடி பார்க்கணும்னுதானே அர்த்தம்? பார்க்கவே வேணாம்னு எப்படி ஆகும்? ஊர்ல கொசு ஜாஸ்தின்னு யாராவது கொசுவலையைக் கிழிச்சுப் போடுவாங்களா?

"நான் மெதுவாத்தான் ஓட்டுவேன்"னு இன்னொருத்தர். நீங்க மெதுவா ஓட்டுவீங்க, பின்னால வர்ற தண்ணி லாரி?

கேட்கவேண்டியது ஒரே ஒரு வார்த்தைதான் மக்களே: "காட்டுங்க." அலைன்மெண்ட் கடையில, "முதல்ல ஜாயிண்ட்டை அசைச்சுக் காட்டுங்க." சர்வீஸ் சென்டர்ல, "எது ஆடுதுன்னு காட்டுங்க." மூலைக்கடையில, "கழட்டின பழைய சாமானைக் காட்டுங்க." காட்ட மாட்டேன்னா சாவியை வாங்கிக்கிட்டுக் கிளம்புங்க. பெரும்பாலான சின்னக் காருக்கு நல்ல ஜாயிண்ட் ஒண்ணோட விலை, டேங்க்கை ஒரு தடவை நிரப்பற காசுக்குக்கூட வராது. அதுக்குக் கணக்குப் பார்த்துட்டு சீட் கவருக்கும் சப்-வூஃபருக்கும் கொட்டறவங்களை என்னன்னு சொல்றது, நீங்களே சொல்லுங்க.

டிஸ்கி 1: நான் மெக்கானிக் இல்ல. ஞாயித்துக்கிழமை கையில கிரீஸ் பூசிக்கிற சாதா ஆளு. உங்க வண்டி மேனுவல் வேற சொன்னா மேனுவல்தான் சரி.

டிஸ்கி 2: அலைன்மெண்ட் கடை வச்சிருக்கிற பதிவர் யாராவது இருந்தா கும்மலாம், தாராளமா வாங்க. வரும்போது கடைசியா எந்த வண்டியோட ஜாயிண்ட்டை அசைச்சுப் பார்த்தீங்கன்னு மட்டும் சொல்லிடுங்க :-)