தபால் வாக்கு எங்களுக்கு மட்டும் போதுமா?



மாகாண சபைத் தேர்தல் எப்போது என்ற கதை திரும்பவும் தொடங்கிவிட்டது. 2014 இல் ஊவாவில் நடந்ததுதான் இந்த நாட்டின் கடைசி மாகாண சபைத் தேர்தல். பழைய முறையா, புதிய முறையா, எல்லை நிர்ணயம் என்ன ஆகும் என்று கட்சிக்காரர்கள் கதைக்கிறார்கள். கதைக்கட்டும். தேர்தல் சட்டத்தைத் திருத்துவது பற்றிப் பேச்சு நடக்கும் இந்த நேரத்தில், அவர்கள் அதிகம் கதைக்காத ஒன்றை ஆசிரியர்களாகிய நாங்கள் சொல்ல வேண்டியிருக்கிறது. வாக்களிப்பு நாளில் சொந்த ஊரில் நிற்க முடியாதவர்களின் வாக்கைப் பற்றியது அது.

இதை நாங்கள் சொல்வதற்கு ஒரு காரணம் உண்டு. எங்களுக்கு அந்தப் பிரச்சினை இல்லை. தேர்தல் கடமைக்குப் போகிறோம் என்பதால் எங்களுக்குத் தபால் மூல வாக்கு கிடைக்கிறது. பொலிஸாருக்கும் முப்படையினருக்கும் கிடைக்கிறது. ரயில்வே, தபால் திணைக்களம், இலங்கைப் போக்குவரத்துச் சபை ஆகியவற்றில் வேலை செய்து, கடமை காரணமாக வாக்களிப்பு நிலையத்துக்குப் போக முடியாதவர்களுக்கும் கிடைக்கிறது. 2024 ஜனாதிபதித் தேர்தலில் 7 இலட்சத்துக்கும் அதிகமானோர் தபால் மூல வாக்குக்குத் தகுதி பெற்றார்கள். தேர்தல் இரவில் தொலைக்காட்சிக்கு முன்னால் குந்தியிருக்கும்போது முதலில் வருகிற "தபால் மூல வாக்களிப்பு முடிவு" எங்களைப் போன்ற அரச ஊழியர்களின் முடிவுதான்.

எங்கள் ஊரில் எத்தனை பேர் அரச ஊழியர்கள்? ஒவ்வொரு வீட்டையும் எண்ணிப் பாருங்கள்.

கொழும்பு புறக்கோட்டையில் புடவைக் கடையில் நிற்கிற பொடியன் இருக்கிறான். ஹோட்டலில் கொத்து போடுகிற தம்பி, கட்டுநாயக்கவில் தையல் மெஷினில் இருக்கிற தங்கச்சி, இரவுக் காவலுக்கு நிற்கிற செக்கியூரிட்டி நானா எல்லோரும் இருக்கிறார்கள். இவர்களின் பெயர் ஊர் வாக்காளர் இடாப்பில் இருக்கிறது. வாக்காளர் அட்டையும் வீட்டுக்கு வருகிறது. உம்மா அதை அலுமாரிக்குள் பத்திரமாக வைக்கிறா. ஆனால் வாக்காளர்தான் ஊரில் இல்லை.

பள்ளிவாசல்களையும் பாருங்கள். எத்தனையோ பள்ளிகளில் மௌலவியும் முஅத்தினும் வேறு மாவட்டத்துக்காரர்கள். 2024 பாராளுமன்றத் தேர்தல் நவம்பர் 14 ஆம் திகதி, ஒரு வியாழக்கிழமை நடந்தது. மறுநாள் ஜும்ஆ. அம்பாறையிலிருந்து வந்து காலியில் இமாமத் செய்யும் ஒருவர் புதன் இரவு பஸ் ஏறி, வியாழன் வாக்களித்து, அன்றிரவே திரும்ப பஸ் ஏறி, வெள்ளி குத்பாவுக்கு மிம்பரில் நிற்க வேண்டும். ஐந்து நேரத் தொழுகையை நடத்த மாற்று ஆள் இல்லாவிட்டால் அதுவும் முடியாது. அவர் அரச ஊழியர் இல்லை என்பதால் அவருக்குத் தபால் வாக்கு கிடையாது.

"லீவு எடுத்து வரலாம்தானே" என்று சிலர் கேட்பார்கள். உண்மை, சட்டத்தில் லீவு இருக்கிறது. வாக்களிக்க எழுத்தில் லீவு கேட்கும் தனியார் ஊழியருக்குச் சம்பளத்துடன் குறைந்தது 4 மணித்தியாலம் கொடுக்க வேண்டும். மனித உரிமைகள் ஆணைக்குழுவின் பரிந்துரையை வைத்து, தூரத்துக்கு ஏற்ற கணக்கும் அறிவிக்கப்படுகிறது. 40 கிலோமீட்டர் வரை அரை நாள், 40 முதல் 100 வரை ஒரு நாள், 100 முதல் 150 வரை ஒன்றரை நாள், அதற்கு மேல் 2 நாள். கடையில் நிற்கிற எத்தனை பிள்ளைகளுக்கு இது தெரியும்? தெரிந்தாலும் முதலாளியிடம் எழுதிக் கொடுக்க எத்தனை பேருக்குத் துணிவு வரும்? லீவு கிடைத்தாலும் கொழும்பிலிருந்து கல்முனைக்கு 300 கிலோமீட்டருக்கு மேல். போக வர பஸ் காசு யார் தருவது?

இந்த இடத்தில்தான் அரசியல்வாதியின் பஸ் வந்து நிற்கிறது. வாக்காளரை வாகனத்தில் ஏற்றிக்கொண்டு போய் வாக்களிக்க வைப்பது தேர்தல் சட்டப்படி குற்றம். ஆனாலும் தூரத்தில் இருக்கிற ஏழை வாக்காளனுக்கு ஊருக்கு வர வேறு வழி இல்லாதபோது, டிக்கெட் எடுத்துத் தருகிறவருக்கு அவன் கடன்பட்டவன் ஆகிறான். சீட்டில் புள்ளடி போடும் முன்பே அவன் வாக்கு பாதி விலைபோய்விடுகிறது.

பயணத்தின் ஆபத்தும் எங்கள் சமூகத்துக்குத் தெரியாதது அல்ல. 1990 இல் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட மக்களில் பலர் புத்தளத்தில் வாழ்ந்துகொண்டு மன்னாரில் வாக்காளராகப் பதிந்திருந்தார்கள். 2019 நவம்பர் 16, ஜனாதிபதித் தேர்தல் நாள். புத்தளத்திலிருந்து மன்னாருக்கு வாக்களிக்கப் போன அந்த மக்களின் பஸ்கள் மீது தந்திரிமலைப் பகுதியில் துப்பாக்கிச் சூடு நடந்தது. வீதியில் டயர் எரித்தார்கள், கல்லெறிந்தார்கள். அல்லாஹ்வின் உதவியால் உயிர்ச்சேதம் இல்லை. அந்தப் பெண்களும் முதியவர்களும் ஒரு சீட்டில் புள்ளடி போடுவதற்காகத்தான் இருட்டோடு புறப்பட்டார்கள். புத்தளத்திலேயே சில நாட்கள் முந்தி வாக்களிக்க வசதி இருந்திருந்தால் அந்தப் பயணமே தேவைப்பட்டிருக்காது.

இது முஸ்லிம்களின் பிரச்சினை மட்டும் என்று யாரும் நினைக்க வேண்டாம். மொனராகலையிலிருந்து சுதந்திர வர்த்தக வலயத்துக்கு வந்த சிங்களச் சகோதரிக்கும், ஹட்டன் தோட்டத்திலிருந்து கொழும்புக் கடைக்கு வந்த தமிழ்த் தம்பிக்கும் இதே நிலைதான். வைத்தியசாலைக் கட்டிலில் இருக்கிற நோயாளிக்கும், அவர் பக்கத்தில் நிற்கிற மகளுக்கும் இதே நிலைதான். 2024 பாராளுமன்றத் தேர்தலில் வாக்களித்தவர்கள் 68.93 வீதம். 1 கோடி 71 இலட்சம் வாக்காளர்களில் ஏறத்தாழ 53 இலட்சம் பேர் வாக்களிக்கவில்லை. எல்லோரும் தூரத்தால் வராதவர்கள் இல்லை. வெறுத்துப் போனவர்களும் உண்டு. ஆனால் வர விரும்பியும் முடியாமல் போனவர்கள் இந்தக் கூட்டத்துக்குள் இருக்கிறார்கள். அவர்களை "அக்கறை இல்லாதவர்கள்" என்று ஏசுவது அநியாயம்.

வெளிநாட்டில் இருப்பவர்களின் கதை இன்னும் மோசம். கட்டாரிலும் சவூதியிலும் குவைத்திலும் உழைத்து அனுப்பும் காசில் இந்த நாடு மூச்சு விடுகிறது. 2022 இல் டொலர் இல்லாமல் தவித்தபோது அவர்களிடம்தான் கையேந்தினோம். ஆனால் இருக்கிற இடத்திலிருந்து வாக்களிக்க அவர்களுக்கு வழி இல்லை. அவர்களோடு ஒரே கம்பனியில் வேலை செய்யும் பிலிப்பைன்ஸ்காரருக்கு 2003 இல் வந்த சட்டத்தால் அந்த உரிமை உண்டு. 2004 தேர்தலிலிருந்து தங்கள் தூதரகங்கள் மூலம் அவர்கள் வாக்களிக்கிறார்கள். அவ்வளவு தூரம் போவானேன்? மாலைதீவு ஜனாதிபதித் தேர்தலுக்கு எங்கள் கொழும்பிலேயே வாக்குப்பெட்டி வைக்கிறார்கள். படிக்கவும் மருந்தெடுக்கவும் இங்கே வந்த மாலைதீவு மக்கள் இங்கிருந்தே வாக்களிக்கிறார்கள். கொழும்பில் வேலை செய்யும் எங்கள் ஊர்ப் பொடியனுக்குக் கொழும்பில் வாக்களிக்க முடியாது!

இப்போது எதிர்க்கேள்விகளுக்கு வருவோம். அவை நியாயமானவை, தட்டிக் கழிக்கக் கூடாது.

முதலாவது, இரகசியம். தபால் வாக்கை எல்லோருக்கும் வீட்டுக்கு அனுப்பினால் என்ன நடக்கும் என்று எங்களுக்கு விளங்கும். முதலாளி பக்கத்தில் நின்று புள்ளடி போடச் சொல்லலாம், வீட்டில் மூத்தவர் எல்லோருடைய சீட்டையும் வாங்கிக்கொள்ளலாம், கட்சிக்காரன் காசு கொடுத்து வாங்கலாம். படித்த அரச ஊழியர்கள் மத்தியிலேயே, குறியிட்ட தபால் வாக்குச்சீட்டைப் படம் பிடித்து முகநூலில் போட்டுப் பொலிஸ் வரை போன சம்பவங்கள் 2024 இல் செய்தியாக வந்தன. ஆகவே வாக்குச்சீட்டை வீட்டுக்கு அனுப்பும் முறையை நாங்கள் கேட்கவில்லை.

நாங்கள் கேட்பது முன்கூட்டிய வாக்களிப்பு. தேர்தலுக்குச் சில நாட்கள் முந்தி, மாவட்டச் செயலகத்திலோ பிரதேச செயலகத்திலோ ஒரு வாக்களிப்பு நிலையம். தேசிய அடையாள அட்டை, விரலில் மை, மறைப்புக்குள் தனியாகப் புள்ளடி, கட்சிகளின் முகவர்கள், கண்காணிப்பாளர்கள், பொலிஸ் காவல் என்று எல்லாம் வழமையான நிலையம் போலவே. வித்தியாசம் இரண்டுதான். நாள் முந்தியது, வாக்காளர் வேறு மாவட்டத்துக்காரர்.

இது முடியாத காரியமா? இப்போதே ஓரளவு நடக்கிறது. 2024 ஜனாதிபதித் தேர்தலில் தபால் வாக்களிப்பு செப்டெம்பர் 4, 5, 6 ஆம் திகதிகளில் நடந்தது. அந்த நாட்களில் தவறியவர்களுக்கு 11, 12 ஆம் திகதிகள் ஒதுக்கப்பட்டன. வேலைத்தளம் இருக்கும் மாவட்டத்தின் தேர்தல் அலுவலகத்துக்குப் போய் அவர்கள் வாக்களித்தார்கள். அதாவது மட்டக்களப்பில் பதிந்த ஆசிரியர் ஒருவர் கண்டியில் கடமை செய்தால், கண்டியில் வாக்களிக்கலாம். அந்தச் சீட்டு பத்திரமாக மட்டக்களப்புக்குப் போய் எண்ணப்படும். ஆசிரியருக்குச் செய்ய முடிகிற இதைக் கடை ஊழியருக்கும் படிப்படியாகச் செய்ய முடியும். முதலில் கொழும்பு, கம்பஹா, புத்தளம் போன்ற, வெளியூர் வாக்காளர் அதிகமுள்ள மாவட்டங்களில் தொடங்கலாம்.

இரண்டாவது, ஆள்மாறாட்டம். ஊரில் இல்லாதவரின் வாக்கை இன்னொருவர் போடும் பழக்கம் பற்றி எங்களுக்கு யாரும் சொல்லித் தரத் தேவையில்லை. முன்கூட்டி வாக்களிக்க விண்ணப்பித்தவரின் பெயர் ஊர் நிலையத்தின் இடாப்பில் அடையாளமிடப்பட்டிருக்கும். தபால் வாக்குக் கிடைத்த நாங்கள் தேர்தலன்று வாக்களிப்பு நிலையத்தில் வாக்களிக்க முடியாது அல்லவா, அதே ஒழுங்குதான். அப்போது அந்த வாக்கைத் திருட இடமே இருக்காது.

மூன்றாவது, செலவு. 2023 மார்ச் 9 இல் நடக்க வேண்டிய உள்ளூராட்சித் தேர்தல் காசில்லை என்று நின்றுபோனது. முதலில் நின்றது தபால் வாக்களிப்புத்தான், சீட்டு அச்சிடக் காசில்லை என்றார்கள். 2024 ஓகஸ்டில் உயர் நீதிமன்றம், அந்தத் தேர்தலை நடத்தாதது மக்களின் அடிப்படை உரிமை மீறல் என்று தீர்ப்பளித்தது. காசில்லை என்ற ஒரே காரணத்தால் வாக்குரிமையை மறிக்க முடியாது என்பது அதிலிருந்து எல்லோருக்கும் விளங்க வேண்டும். இன்றைக்கும் செலவு இல்லாமல் இல்லை. பஸ் காசாகவும் இழந்த நாட்சம்பளமாகவும் அதை ஏழை வாக்காளன் கட்டுகிறான்.

சட்டம் மாறும் வரை சும்மா இருக்கவும் முடியாது. இப்போதே செய்யக்கூடியவை:

1. வெளியூரில் வேலை செய்யும் பிள்ளைகளின் பெயர் இடாப்பில் இருக்கிறதா என்று கிராம உத்தியோகத்தரிடம் பாருங்கள். நிரந்தரமாக வேறு ஊரில் குடியிருப்பவர் அங்கேயே பதிவதுதான் சரி. "ஊர் வாக்கு குறையும்" என்று அவர்களைத் தடுக்க வேண்டாம்.

2. கடை முதலாளிமாரே, உங்களில் பலர் எங்கள் ஊர்க்காரர்கள். லீவு கேட்கும் முன்பே கொடுங்கள். யாருக்கு வாக்களிக்கப் போகிறாய் என்று கேட்காமல் கொடுங்கள்.

3. பள்ளி நிருவாகங்கள், தேர்தல் அறிவித்தவுடன் இமாமுக்கும் முஅத்தினுக்கும் மாற்று ஆளை ஒழுங்கு செய்யுங்கள். பஸ் காசையும் ஜமாஅத் கொடுக்கலாம்.

4. நடக்க முடியாத பெரியவர்களை வாகனத்தில் கூட்டிப் போக, முன்கூட்டியே விண்ணப்பித்துத் தெரிவத்தாட்சி அலுவலரின் அனுமதி பெறலாம். கடைசி நாள் வரை காத்திருக்க வேண்டாம்.

5. சக ஆசிரியர்களே, தபால் வாக்கு விண்ணப்பத்தில் வாக்களிப்புப் பிரிவு இலக்கத்தையும் இடாப்பின் தொடரிலக்கத்தையும் சரிபார்த்து எழுதுங்கள். அதில் பிழை விட்டால் விண்ணப்பம் நிராகரிக்கப்படும். கிடைத்த சலுகையை வீணாக்குவது, கிடைக்காதவர்களுக்குச் செய்யும் மரியாதைக் குறைவு.

அடுத்த முறை வேட்பாளர் ஒருவர் உங்கள் வாசலுக்கு வந்து ஸலாம் சொன்னால், பாதை, வடிகால் பற்றிக் கேளுங்கள். அதோடு இதையும் கேளுங்கள்: "தூரத்தில் இருக்கிற என் மகன் இருந்த இடத்திலேயே வாக்களிக்க, பாராளுமன்றத்தில் உங்கள் கட்சி கை உயர்த்துமா?" பதிலை எல்லோர் முன்னாலும் சொல்ல வையுங்கள். எந்தக் கட்சியாக இருந்தாலும் பரவாயில்லை.

சரி என்று நினைத்தால் பகிருங்கள், குறிப்பாகக் கொழும்பிலும் வெளிநாட்டிலும் இருக்கும் நம் பிள்ளைகளுக்கு. மாற்றுக் கருத்து இருந்தாலும் எழுதுங்கள், கதைப்போம்.