டோடோ என்றொரு பறவை

இற்றைக்குச் சுமார் 400 ஆண்டுகளுக்கு முன்னர் இந்து சமுத்திரத்திலுள்ள மொரீஷியஸ் தீவில் டோடோ என்றொரு பறவை வாழ்ந்தது. ஏறத்தாழ ஒரு மீற்றர் உயரம், 10 கிலோவுக்கு மேற்பட்ட எடை, வளைந்த பெரிய சொண்டு. இறக்கை இருந்தும் பறக்க இயலாது. வாசகர்களே, உருவத்தைப் பார்த்தால் நம்பமாட்டீர்கள், இது புறா இனத்தைச் சேர்ந்தது! நிக்கோபார் புறாவே இன்று உயிரோடிருக்கும் அதன் நெருங்கிய உறவு என்பதை 2002 இல் மரபணு ஆய்வொன்று காட்டியது.

அத்தீவில் டோடோவை வேட்டையாடும் மிருகம் எதுவும் இருக்கவில்லை. ஆகவே அதற்குப் பயமும் இல்லை. நிலத்திலேயே கூடு கட்டியது. ஒரேயொரு முட்டைதான் இடும் என்று அக்காலப் பயணிகள் எழுதியுள்ளனர்.

அரபு மாலுமிகள் இத்தீவை முன்னரே அறிந்திருந்தனர். 1502 ஆம் ஆண்டுத் தேசப்படமொன்றில் அரபு வழிவந்த பெயரோடு அது காணப்படுகிறது. ஆனால் அவர்கள் அங்கே குடியேறவில்லை. 1598 இல் ஒல்லாந்தக் கப்பல்கள் வந்தன. 1638 இல் ஒல்லாந்தக் கம்பனி குடியேற்றம் அமைத்தது. மட்டக்களப்புக் கோட்டையைப் போர்த்துக்கேயரிடமிருந்து அதே கம்பனி பிடித்ததும் அதே ஆண்டில்தான்.

டோடோவை மனிதர் தின்றே தீர்த்துவிட்டனர் என்றுதான் பொதுவாகச் சொல்வார்கள். அது முழு உண்மையன்று. எவ்வளவு அவித்தாலும் இறைச்சி மெதுமைப்படவில்லை என்று முகஞ்சுளித்த மாலுமிகள், 'அருவருப்பான பறவை' என்றே அதற்குப் பெயர் வைத்தனர். குடியேறியவர்களும் சொற்பமே. மனிதனோடு கப்பலிலிருந்து இறங்கிய எலியும் பன்றியும் குரங்கும்தான் பெரும் நாசத்தைச் செய்தன. நிலத்தில் கிடந்த முட்டையை அவை விட்டுவைக்கவில்லை. தாய்ப் பறவையை ஒருவரும் தொடாவிட்டாலும், குஞ்சு பொரிக்காத இனம் எத்தனை காலம் நிற்கும்?

1662 இல் கப்பலுடைந்து ஒதுங்கிய வொல்கேர்ட் எவர்ட்ஸ் என்ற ஒல்லாந்தர், கரையோரச் சிறுதீவொன்றில் கண்டதை எழுதிவைத்தார். ஒரு பறவையின் காலைப் பிடித்தார்கள், அது கத்தியது. சத்தம் கேட்ட மற்றவை அதைக் காப்பாற்ற ஓடிவந்தன. அவையும் பிடிபட்டன. டோடோவைக் கண்டதற்கான நம்பத்தகுந்த கடைசிச் சாட்சியம் இதுவே என்பது ஆய்வாளர் பலரின் கருத்து.

இன்று எஞ்சியிருப்பவை சிலவே. சூரத் நகருக்குக் கொண்டுவரப்பட்ட இரு டோடோக்களை ஆங்கிலப் பயணி பீற்றர் முண்டி கண்டு எழுதியிருக்கிறார். முகலாய மன்னர் ஜஹாங்கீரின் அரசவை ஓவியர் உஸ்தாத் மன்சூர் வரைந்ததாகக் கருதப்படும் டோடோ ஓவியம் ரஷ்யாவின் சென் பீற்றர்ஸ்பேர்க் நகரில் இருக்கிறது. உயிருள்ள பறவையைப் பார்த்து வரைந்தவற்றுள் மிக நேர்த்தியானது அதுவே என்பர். 1865 இல் மொரீஷியஸின் சேற்று நிலத்திலிருந்து எலும்புகளைத் தேடியெடுத்தவர் ஜோர்ஜ் கிளார்க் என்னும் பள்ளிக்கூட ஆசிரியர். (நம் தொழிலுக்கும் ஒரு பெருமை!)

தோல் ஒட்டிய தலையொன்று ஒக்ஸ்போர்ட் நூதனசாலையில் உண்டு. இலண்டனில் காட்சிக்கு வைக்கப்பட்டு, தானாக இறந்த பறவையினுடையது அது என்றே நெடுங்காலம் எண்ணியிருந்தனர். 2018 இல் ஊடுகதிர் கொண்டு நுணுகிப் பார்த்தபோது மண்டையோட்டில் ஈயச் சன்னங்கள் பதிந்திருந்தன. மனிதனைக் கண்டு ஓடத் தெரியாத அந்தப் பறவையைப் பிடரியில் சுட்டிருக்கிறார்கள்.