டெண்டர் தகராறும் பொதுநல வழக்கும்

விசாரணை முடியாமலே பீகார்ச் சிறைகளில் வருஷக்கணக்கில் அடைபட்டுக் கிடந்த ஏழைக் கைதிகளுக்காக 1979-இல் உச்ச நீதிமன்றத்தின் கதவைத் தட்டிய பொதுநல வழக்கு என்னும் உத்தமமான சாதனம், டெண்டரில் தோற்ற ஒப்பந்தக்காரர் தம்மை மறைத்துக்கொண்டு வேறொருவரை மனுதாரராக நிறுத்திப் பிரயோகிக்கும் ஆயுதமாகவும் ஆகிவிடுகிறதே என்பதுதான் என் விசாரம். இடைக்காலத் தடை ஒன்று கிடைத்துவிட்டால் போதும். பாதி எழும்பிய பாலத்தூண்களில் கம்பிகள் துருவேற, சிமெண்டு விலையும் கூலியும் உயர, அந்த நஷ்டம் முழுவதும் வரி செலுத்தும் ஜனங்களின் தலையிலேயே விடிகிறது. இதை உணர்ந்தே, மகாராஷ்டிர மின்வாரிய ஒப்பந்தம் பற்றிய ரவுனக் இன்டர்நேஷனல் வழக்கில் நீதிபதி சுஜாதா மனோகர் 1998-இல் எழுதிய தீர்ப்பு, தடை வாங்கியவரே அதன் விளைவுகளுக்குப் பொறுப்பாளியாக வேண்டும் என்றது. முடிவு எடுக்கப்பட்ட முறையை நீதிமன்றம் பரிசீலிக்கலாமேயன்றி, சர்க்காரின் முடிவின்மீது அப்பீல் கேட்கும் ஸ்தானத்தில் அமரலாகாது என்று 1994-லேயே டாடா செல்லுலார் வழக்கில் எல்லை வகுக்கப்பட்டிருந்தது. அந்த எல்லை நியாயமானதென்றே நான் கருதுகிறேன். ஆனால் அதையே கேடயமாக்கி அதிகாரிகள் கோப்புகளை மறைக்க முற்படுவதற்கு என் சம்மதமில்லை. விண்ணப்பங்களுக்கான கடைசித் தேதியைப் பின்னோக்கி இழுத்து, வரிசையையே குலைத்த 2ஜி அலைக்கற்றை விவகாரத்தில், 2012 பிப்ரவரியில் 122 தொலைத்தொடர்பு உரிமங்கள் உச்ச நீதிமன்றத்தால் ரத்தானது பொதுநல வழக்கின் பயன்தானே! ஆகவே, செலவுக்குப் பணம் கொடுப்பவர் யார், டெண்டர் முடிவான நாளிலேயே வராமல் வேலை பாதி நடந்த பிறகு வந்ததேன் என்ற இரண்டு கேள்விகளுக்கும் மனுதாரரிடம் பிரமாணப் பத்திரமாகப் பதில் பெற்ற பின்னரே நீதிபதிகள் தடையைப் பற்றி யோசிக்க வேண்டும்.