சனியைப் பிடித்த மனிதன்

உலகத்திலேயே அதிவேகமான யந்திரம் எது என்று நம் நாட்டுப் புராணப் பண்டிதர் ஒருவரைக் கேட்டால், அவர் கண்ணை மூடித் திறப்பதற்குள் புஷ்பக விமானம் என்று சொல்லிவிடுவார். எத்தனை பேர் ஏறினாலும் அதில் இன்னும் ஒருவருக்கு இடமிருக்கும் என்பார். அதைச் செய்த பட்டறை எங்கே, ஓட்டிய எண்ணெய் எது, உடைந்த ஆணி ஒன்றாவது எங்கேனும் கிடைத்ததா என்று கேட்டால் மட்டும் அவருக்குக் கோபம் வந்துவிடும்.

நாமும் அதே கேள்விக்கு விடை சொல்லுகின்றோம். மனிதன் செய்த யந்திரங்களுக்குள் மிக வேகமாய்ப் பறந்தது பார்க்கர் என்னும் சூரிய ஆராய்ச்சிக் கலமாகும். அது 2018 ஆகஸ்டில் அமெரிக்காவிலிருந்து ஏவப்பட்டது. 2024 டிசம்பர் 24-ந் தேதி சூரியனுடைய மேற்பரப்புக்கு 61 லட்சம் கிலோமீட்டர் வரை நெருங்கி, மணிக்குச் சுமார் 6,92,000 கிலோமீட்டர் வேகத்தில் சுற்றி வந்தது. அதாவது வினாடிக்கு 192 கிலோமீட்டர். ஆலங்காயத்திலிருந்து சென்னைக்கு நேர்கோட்டில் போனால் ஒரு வினாடிகூட ஆகாது. அதன் முகத்தில் சுமார் 11 அங்குலமல்ல, 11 சென்டிமீட்டர் கனமுள்ள ஒரு கரிக்கேடயந்தான் உண்டு. கேடயத்தின் முன்புறம் ஏறக்குறைய ஆயிரம் டிகிரி சூடு. பின்புறத்திலுள்ள கருவிகளுக்கோ நம் வீட்டுக் கூடத்துச் சூடுதான். சூரிய பகவான் ஏழு குதிரை பூட்டிய தேரில் வருகிறார் என்று சொல்லிக்கொண்டிருப்பவர்கள், இத்தனை நெருங்கிப் போய் வந்த இந்தக் கலம் ஒரு குதிரையையாவது கண்டதா என்று விசாரித்துக்கொள்ளலாம்.

இவ்வேகம் அதற்கு எப்படி வந்தது? சூரியனின் இழுப்பினால் வந்தது. ஆனால் சூரியனுக்கு அருகே போய் விழ வேண்டுமானால், பூமியோடு சேர்ந்து ஓடிக்கொண்டிருக்கும் பக்கவாட்டு ஓட்டத்தை முதலில் குறைக்க வேண்டும். அதற்காகச் சுக்கிரன் பக்கமாக ஏழு முறை போய், ஒவ்வொரு முறையும் தன் ஓட்டத்தில் கொஞ்சத்தை அக்கிரகத்தின் இழுப்பில் விட்டுவிட்டு, சூரியனை மேலும் மேலும் நெருங்கிற்று. நம் ஜோசியர்கள் எத்தனையோ ஆயிரம் பேருக்குச் சுக்கிர திசை அடிக்கப்போவதாகச் சொல்லிப் பணம் வாங்கியிருக்கின்றார்கள். நமக்குத் தெரிந்தவரை உண்மையாகவே சுக்கிர திசை அடித்தது இந்த ஒரு யந்திரத்துக்குத்தான்.

இக்கலத்துக்குப் பெயர் கொடுத்த யூஜின் பார்க்கர் என்பவர், சூரியனிலிருந்து இடைவிடாமல் ஒரு காற்று வீசிக்கொண்டிருக்கின்றது என்று 1958-ல் எழுதினார். அக்கட்டுரையைப் பரிசீலித்த அறிஞர்கள் இருவரும் இது ஒவ்வாதது என்று தள்ளினார்கள். அப்போது அந்தப் பத்திரிகைக்கு ஆசிரியராயிருந்தவர் நம் தமிழரான சுப்பிரமணியன் சந்திரசேகர். அவருக்கும் அந்த முடிவு பிடிக்கவில்லை. ஆனால் கணக்கில் தவறு காண முடியவில்லை, ஆகவே பிரசுரித்தார். 1962-ல் மாரினர் 2 என்னும் கலம் போய்ப் பார்த்தது, காற்று இருந்தது. தனக்குப் பிடிக்காவிட்டாலும் தப்புக் காட்ட முடியாததைத் தடுக்கக் கூடாது என்னும் இந்த ஒரு யோக்கியதை நம் சாஸ்திரக்காரர்களில் ஒருவருக்கேனும் இருந்ததுண்டா என்று கேட்கின்றோம். இங்கே கேள்வி கேட்டவன் நாக்கை அறுப்பதற்கல்லவா விதி எழுதி வைத்தார்கள்! (சந்திரசேகர் பிறந்தது ஐயர் குடும்பம். ஆனால் தம்மை நாஸ்திகர் என்று வெளிப்படையாகச் சொல்லிக்கொண்டவர். பிறப்பைக் கொண்டு மனிதனை அளப்பது நம் வழக்கமல்லவாதலால் பாராட்டுகின்றோம்.)

இனி விமான சாஸ்திரக்காரர்கள் சங்கதிக்கு வருவோம். பரத்துவாச முனிவர் எழுதியதாகச் சொல்லப்படும் வைமானிக சாஸ்திரம் என்னும் நூல், சுப்பராய சாஸ்திரி என்பவர் 1918-க்கும் 1923-க்கும் இடையில் வாயால் சொல்லி எழுதுவித்தது. அதாவது ரைட் சகோதரர்கள் பறந்து 15 வருஷம் ஆன பிறகு முனிவருக்கு ஞாபகம் வந்திருக்கின்றது! 1974-ல் பெங்களூர் இந்திய விஞ்ஞானக் கழகத்து விமானப் பொறியாளர்கள் ஐவர் அந்நூலிலுள்ள விமானங்களைக் கணக்குப் போட்டுப் பார்த்து, இவற்றில் ஒன்றுகூடப் பறக்காது என்று எழுதினார்கள். அப்படியிருந்தும் 2015-ல் மும்பையில் கூடிய இந்திய விஞ்ஞான மகாநாட்டில் பண்டைய விமானத்தைப் பற்றி ஒரு கட்டுரை படிக்கப்பட்டது. 2019-ல் ஜலந்தரில் கூடிய அதே மகாநாட்டில் ஒரு பல்கலைக்கழகத் துணைவேந்தரே இராவணனிடம் 24 வகை விமானங்கள் இருந்ததாகப் பேசினார். மடத்தில் பேசினால் சிரித்துவிட்டுப் போகலாம். விஞ்ஞான மேடையில், பொதுமக்கள் வரிப்பணத்தில் பேசினால் எப்படிச் சிரிப்பது?

நிற்க. அமெரிக்கக்காரன் யந்திரம் நமக்கென்ன என்று கேட்பவர்கள், ஜவ்வாது மலைக்குப் போய்க் காவலூரைப் பார்க்கட்டும். வைணு பாப்பு என்னும் வான ஆராய்ச்சி அறிஞர் 1960-களின் பிற்பகுதியில், இருண்ட வானமுள்ள இடம் தேடி அந்த மலைக் காட்டைத் தேர்ந்தெடுத்தார். முதலில் கொடைக்கானல் பட்டறையில் செய்த 15 அங்குலத் தொலைநோக்கி ஒன்றே இருந்தது. 1972-ல் ஒரு மீட்டர் தொலைநோக்கி ஜெர்மனியிலிருந்து வந்தது. பிறகு 2.34 மீட்டர் அகலக் கண்ணாடியுடைய பெருந்தொலைநோக்கி நம் நாட்டுப் பொறியாளராலும் தொழிலாளராலுமே செய்யப்பட்டு 1986 ஜனவரி 6-ந் தேதி திறக்கப்பட்டது. பாப்பு அதைப் பார்க்கவில்லை, 1982-லேயே காலமாகிவிட்டார். அதன் கண்ணாடியைத் தேய்த்தவர்கள் தலைமயிரின் கனத்தில் ஏறத்தாழ ஆயிரத்திலொரு பங்குக்கு மேல் தப்பு வராமல் தேய்க்க வேண்டியிருந்தது. வினாடிக்கு 3 லட்சம் கிலோமீட்டர் ஓடும் ஒளி, அடுத்த நட்சத்திர மண்டலமான ஆண்ட்ரோமீடாவிலிருந்து 25 லட்சம் வருஷம் ஓடி வந்து அந்தக் கண்ணாடியில் விழுகின்றது. உலகம் உண்டாகிச் சில ஆயிரம் வருஷந்தான் ஆயிற்று என்று எந்த மதத்துக்காரன் சொன்னாலும் அவன் வாயை அடைக்க அந்த ஒளிப்புள்ளி ஒன்று போதும்.

அந்த மலையடிவாரத்து ஊர்களிலெல்லாம் கோயில் தோறும் நவக்கிரக மேடை இருக்கின்றது. அந்த ஒன்பதில் சூரியன் கிரகமல்ல, நட்சத்திரம். சந்திரன் பூமியைச் சுற்றும் துணைக்கோள். ராகு கேது என்பவை சந்திரன் பாதையும் சூரியன் பாதையும் குறுக்கிடுகின்ற இரண்டு வெற்றிடங்கள். அங்கே ஒரு கல்கூடக் கிடையாது. நாம் நின்றுகொண்டிருக்கும் பூமி கணக்கிலேயே இல்லை. யுரேனஸ் என்னும் கிரகத்தை 1781-ல் இங்கிலாந்தில் சங்கீத வாத்தியாராயிருந்த ஹெர்ஷல் என்பவர் கண்டுபிடித்தார். அதுவும் மேடையில் இல்லை. அக்கிரகம் 1977 மார்ச் 10-ந் தேதி ஒரு நட்சத்திரத்தை மறைத்தபோதுதான் அதைச் சுற்றி வளையங்கள் இருப்பது வெளிப்பட்டது. அன்றிரவு அந்த நிகழ்ச்சியைப் பதிவு செய்தவர்களில் காவலூர்க்காரர்களும் உண்டு. இத்தனை பெரிய கிரகத்தையே தெரியாதவன், உன் மகளுக்கு எந்த மாதம் கலியாணம் நடக்கும் என்று தெரியும் என்கிறானே, இதை நம்பலாமா?

சனி சங்கதியோ இன்னும் வேடிக்கை. ஏழரை வருஷம் சனி பிடிக்கும் என்று எள்ளும் எண்ணெயும் பணமும் பறிக்கிறார்கள். 1997 அக்டோபரில் காசினி என்னும் கலத்தைச் சனிக்கு அனுப்பினார்கள். அது ஏழு வருஷத்துக்குச் சற்றுக் குறைவாகப் பயணம் செய்து 2004-ல் சனியைப் பிடித்தது. பிடித்தபின் விடவில்லை, 13 வருஷம் சுற்றிச் சுற்றி வந்து படம் பிடித்து, 2017 செப்டம்பர் 15-ந் தேதி சனியின் வயிற்றுக்குள்ளேயே பாய்ந்து எரிந்தது. மனிதனைச் சனி பிடித்ததற்குச் சாட்சியில்லை. சனியை மனிதன் பிடித்ததற்கு லட்சக்கணக்கான படங்கள் சாட்சி.

இவ்வளவும் செய்த பின்பும் பெருமை யாருக்குப் போகின்றது பாருங்கள்! நம் விண்வெளி நிறுவனத்தின் பெரிய விஞ்ஞானிகள் ராக்கெட்டின் சிறு பொம்மையைத் திருப்பதிக்கு எடுத்துப் போய் ஏழுமலையான் காலடியில் வைத்துவிட்டு வருகிற படத்தைப் பத்திரிகைகளில் பல முறை பார்த்திருக்கின்றோம். பி.எஸ்.எல்.வி. வரிசையில் சி-12 உண்டு, சி-14 உண்டு, சி-13 கிடையாது. நம் மூடநம்பிக்கை போதாதென்று வெள்ளைக்காரன் மூடநம்பிக்கையையுமா இறக்குமதி செய்ய வேண்டும்? 2021 ஆகஸ்டில் ஜி.எஸ்.எல்.வி. எஃப்-10 பாதி வழியில் கெட்டது. ஆராய்ந்த குழு, ஹைட்ரஜன் தொட்டியின் வால்வு ஒன்றில் கசிவு என்று கண்டது. கசிவை அடைப்பது திருப்பதியா, பட்டறையா?

ஜெனிவாவில் 27 கிலோமீட்டர் சுரங்க வளையத்தில், அணுத்துகளை ஏறக்குறைய ஒளியின் வேகத்துக்கே ஓட்டுகிற யந்திரம் இருக்கின்றது. ஒரு வினாடியில் அத்துகள் 11,000 தடவைக்கு மேல் அவ்வளையத்தைச் சுற்றிவிடும். அதைக் கட்டியதில் இந்தியப் பொறியாளர் உழைப்பும் உண்டு. ஆனால் 2004-ல் இந்திய சர்க்கார் அங்கே அனுப்பி வைத்த அடையாளம் என்ன? நடராசர் சிலை! உழைத்தவன் பெயர் ஒருவருக்கும் தெரியாது; உழைக்காதவர் வாசலில் நின்று ஆடுகிறார்.

தோழர்களே! நாம் இதை வெறும் கேலிக்காக எழுதவில்லை. அந்த ஜவ்வாது மலைத் தொடரிலேயே அல்லேரி என்று ஒரு மலை. 2023 மே மாதம் அங்கே ஒரு குழந்தையைப் பாம்பு கடித்தது. சாலையில்லாத மலையிலிருந்து இறக்கி ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போவதற்குள் குழந்தை இறந்துவிட்டது. திரும்பும்போதும் சாலை இல்லாததால் வண்டி மேலே போகவில்லை. பெற்ற தாய் அந்தப் பிணத்தைக் கையிலேந்திப் பல கிலோமீட்டர் மலையேறி நடந்தாள். பத்திரிகையில் படம் வந்தது. எல்லாரும் பார்த்தோம்.

இதைக் கேட்டவுடன் ஒரு கூட்டம், ராக்கெட்டும் தொலைநோக்கியும் எதற்கு, அந்தப் பணத்தில் சாலை போடலாமே என்கும். அது யந்திரம் வேண்டாம், ராட்டையே போதும் என்று சொன்னவர்களின் பேரப்பிள்ளைக் கூட்டம். பெரியார் 1940-களிலேயே இனிவரும் உலகம் என்னும் நூலில், ஒவ்வொருவரிடமும் கம்பியில்லாத பேச்சுக் கருவி இருக்கப்போவதை எழுதியவர். நாம் யந்திரத்துக்கு விரோதிகளல்ல. இன்னொரு கூட்டம், பாவம், அந்தக் குழந்தையின் தலைவிதி என்கும். இந்தக் கூட்டந்தான் கொலைகாரக் கூட்டம். பாம்புக் கடிக்கு மருந்து இருக்கின்றது. அது நேரத்துக்கு உடம்பில் ஏற வேண்டும். நேரத்துக்குப் போகச் சாலை வேண்டும். இதில் விதி எங்கே நுழைகின்றது? காவலூருக்கு அந்தப் பெருங்கண்ணாடி பத்திரமாக மலையேறிற்றே, அதற்குப் பாதை கிடைத்தது எப்படி? வேண்டுமென்று நினைத்தவர்கள் இருந்தார்கள், பாதை கிடைத்தது. அதே மலையில் சாமையும் தேனும் விற்றுப் பிழைக்கும் மலையாளிப் பழங்குடி மக்களுக்கு வேண்டுமென்று நினைக்க ஆளில்லை. காடு என்று ஒரு இலாகா, சாலை என்று ஒரு இலாகா, ஒன்றின் கடிதத்துக்கு இன்னொன்று பதில் எழுதும் வேகத்தை அளக்க எந்த விஞ்ஞானியிடமும் கருவியில்லை.

மலை மக்களே, உங்களிடம் வந்து தலைவிதி என்று சொல்லுகிறவன் பூசாரியானாலும் சரி, அதிகாரியானாலும் சரி, அவனிடம் காவலூர்ச் சாலையைக் கையால் காட்டுங்கள். அடுத்த தேர்தலில் சாலையில்லாத ஊருக்கு ஓட்டுக் கேட்டு வருகின்ற கனவான்கள் யாரானாலும், மோட்டாரை அடிவாரத்தில் நிறுத்திவிட்டு, அந்தத் தாய் நடந்த பாதையில் நடந்து வரச் சொல்லுங்கள்.