பெயர் இல்லாத உளி

குற்றாலத்தில் சாரல் சீசன் ஆரம்பித்துவிட்டால் போதும். மெயினருவியில் கூட்டம், ஐந்தருவியில் கூட்டம், எண்ணெய் தேய்த்துவிடுபவர்களைச் சுற்றிக் கூட்டம், பார்டர் புரோட்டாக் கடை வாசலில் அதைவிடப் பெரிய கூட்டம். ஆனால் குற்றாலநாதர் கோயிலிலிருந்து கொஞ்ச தூரம் தள்ளி, முன்னால் ஒரு தெப்பக்குளத்தோடு தனியாக நிற்கும் சித்திர சபைக்குள் எட்டிப் பார்த்தால் நாலைந்து பேர் இருந்தால் அதிசயம்! "அங்க என்ன இருக்கு, சும்மா சுவத்துல படம்தான்" என்று சொல்லிவிட்டு மறுபடியும் அருவிக்கு ஓடுபவர்கள்தான் அதிகம்.

சும்மா சுவரில் படம்தான். உண்மைதான். ஆனால் நடராஜரின் பஞ்ச சபைகளில் ஒன்று அது. சிதம்பரம் பொன், மதுரை வெள்ளி, திருநெல்வேலி தாமிரம், திருவாலங்காடு இரத்தினம், குற்றாலம் சித்திரம். மற்ற ஊர்களில் திருமேனியாக நின்று ஆடுபவர் இங்கே சுவரில் ஓவியமாக ஆடுகிறார். சுற்றிலும் சிவனின் கோலங்களும் புராணக் காட்சிகளும். அதாவது இங்கே ஓவியம்தான் சாமி! பூசையும் தீபாராதனையும் ஓர் ஓவியனின் கைவேலைக்குத்தான் நடக்கிறது.

அந்த ஓவியனின் பெயர் என்ன?

இந்தக் கேள்விக்கு ஊரில் யாரிடமும் பதில் கிடையாது. கேட்டால் ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள். "எந்த ராஜா கட்டினது?" என்று கேட்டால் மட்டும் பதில் உடனே வரும்.

பக்கத்திலேயே தென்காசி. காசி விசுவநாதர் கோயிலை 1446ல் கட்டத் தொடங்கியவர் அரிகேசரி பராக்கிரம பாண்டியர் என்பது சின்னப் பிள்ளைகளுக்கும் தெரியும். கோயிலுக்குள் நுழைந்ததும் வரும் மண்டபத்தில் வீரபத்திரர், தாண்டவமூர்த்தி, காளி, மன்மதன், ரதி என்று ஆளுயரச் சிற்பங்கள் நிற்கின்றன. தூணும் சிலையும் ஒரே கல். ஒரு விரல் உடைந்தால் மாற்று விரல் ஒட்ட முடியாது. அத்தனை மாதம் உழைத்த பிறகு கடைசி நாளில் உளி கொஞ்சம் வழுக்கினாலும் மொத்தத் தூணும் போச்சு. அப்படி வேலை செய்தவர்கள் யார்? "பாண்டியர் செதுக்கினது" என்பார்கள். பாண்டியரா உளி பிடித்தார்?!

இதற்கு நம்மூரில் ஒரு ரெடிமேட் பதில் உண்டு. "அந்தக் காலத்துக் கலைஞர்களுக்குப் புகழாசை கிடையாது. எல்லாம் இறைவனுக்கே அர்ப்பணம் என்று பெயரைப் போடாமல் விட்டுவிட்டார்கள்" என்பதுதான் அது. மேடையில் இதைச் சொன்னால் கைதட்டல் கிடைக்கும், கட்டுரைப் போட்டியில் எழுதினால் பரிசும் கிடைக்கும். ஆனால் இது பொய். சொல்பவர்களுக்குச் சௌகரியமான பொய்.

ஆதாரம் வேண்டுமா? தஞ்சாவூருக்குப் போகலாம். பெரிய கோயில் கல்வெட்டிலேயே குஞ்சரமல்லனான இராஜராஜப் பெருந்தச்சன் என்று தச்சர் பெயர் இருக்கிறது. அங்கே ஆடிய தளிச்சேரிப் பெண்டுகள் நானூறு பேரின் பெயரைக்கூட, எந்த வீடு யாருக்கு என்பதோடு சேர்த்து வெட்டி வைத்திருக்கிறார்கள். கர்நாடகத்தில் பட்டடக்கல் விருபாட்சர் கோயிலைக் கட்டிய சிற்பியின் பெயரும் பட்டமும் எட்டாம் நூற்றாண்டுக் கல்வெட்டில் உண்டு. பேலூரில் தாசோஜா போன்ற ஹொய்சளச் சிற்பிகள் தாங்கள் செய்த சிலைக்குக் கீழேயே கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். இவர்களுக்கெல்லாம் பக்தி இல்லையா? பெயர் போட்டதால் அந்தச் சிலைகளின் தெய்வீகம் குறைந்துவிட்டதா?

கடல் தாண்டினாலும் இதே கதைதான். கி.மு. ஆறாம் நூற்றாண்டில் ஏதென்ஸில் எக்ஸீகியாஸ் என்பவர் ஜாடி செய்து ஓவியமும் தீட்டி, இதைச் செய்தவன் தானே என்று அதிலேயே எழுதி வைத்தார். யூத்திமிடஸ் என்ற இன்னொரு ஓவியர் இன்னும் ஒரு படி மேலே போய், தன் போட்டியாளரான யூஃப்ரோனியஸால் இப்படி ஒருநாளும் வரைய முடியாது என்று ஜாடியிலேயே வம்புக்கு இழுத்திருக்கிறார்!

எகிப்தில் அரசர்களின் பள்ளத்தாக்குக் கல்லறைகளைக் குடைந்து வண்ணம் தீட்டியவர்கள் டெய்ர் எல் மெதினா என்ற ஊரில் வாழ்ந்தார்கள். அவர்களின் பெயர், குடும்பம், சண்டை சச்சரவு எல்லாமே தெரிந்திருக்கிறது. காரணம், வருகைப் பதிவேடு! தேள் கடித்தது, பீர் காய்ச்சப் போனார் என்று யார் ஏன் லீவு போட்டார் என்பதுவரை சுண்ணக்கல் சில்லுகளில் எழுதி வைத்திருக்கிறார்கள். மூன்றாம் ராம்செஸ் காலத்தில் கூலித் தானியம் வந்து சேராதபோது அவர்கள் வேலையைப் போட்டுவிட்டு உட்கார்ந்துவிட்டார்கள். எழுத்தில் பதிவான உலகின் முதல் வேலைநிறுத்தம் என்று இன்று சொல்லப்படுவது இதுதான். கலைஞனுக்கும் பசிக்கும், கோபம் வரும், தன் வேலைமேல் கர்வம் இருக்கும். நம்மூர்ச் சிற்பி மட்டும் என்ன, காற்றைக் குடித்தா வாழ்ந்தான்?

நியாயமாக ஒன்றை ஒத்துக்கொள்ள வேண்டும். நம்மால் படிக்க முடிகிற எழுத்தே இல்லாத காலத்துக் கலைஞனின் பெயரைத் தேடுவதில் அர்த்தமில்லை. தென்காசி மாவட்டத்திலேயே திருமலாபுரத்தில் தமிழ்நாடு தொல்லியல் துறை அண்மையில் அகழாய்வு செய்தது. கிடைத்த இரும்புக்காலப் பானைகளில் ஒன்றில் வெள்ளை வண்ணத்தால் மனிதன், மலை, மான், ஆமை உருவங்கள் தீட்டப்பட்டிருந்தன. ஆதிச்சநல்லூரில் 2004ல் தொடங்கிய அகழாய்வில் ஒரு பெண், மான், கொக்கு, முதலை என்று மண்ணில் ஒட்டுருவமாகச் செய்த தாழித் துண்டு கிடைத்தது. மொகஞ்சதாரோவில் 1926ல் கிடைத்த, ஒரு சாண் உயரம்கூட இல்லாத நடன மங்கை வெண்கலச் சிலையும் அப்படியே. தோண்டியவர்கள் சிலைக்குப் பெயர் வைத்தார்கள், வார்த்தவன் பெயர் யாருக்கும் தெரியாது. இதில் யாரையும் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் மெய்க்கீர்த்தி, தேவதானம், வரி விலக்கு, இத்தனை ஆடு இத்தனை விளக்கு என்று பக்கம் பக்கமாகக் கல்லில் எழுதத் தெரிந்த காலத்தில் ஒரு பெயருக்கு மட்டும் இடமில்லாமல் போவது தற்செயலா? கல்வெட்டுக்குக் காசு கொடுத்தவன் பெயர் நின்றது, கல்லை வெட்டியவன் பெயர் போனது. அவ்வளவுதான் விஷயம். அதற்குத் துறவு, அர்ப்பணிப்பு என்று பூச்சு பூச வேண்டாம்.

இது பழங்கதை என்று நினைப்பவர்கள் ஏதாவது ஒரு கோயிலில் தலையைத் தூக்கி டியூப்லைட்டைப் பார்க்கவும். "உபயம்" என்று ஆரம்பித்து குடும்பத்தில் பாதிப் பேர் பெயரை எழுதியதில் வெளிச்சமே வெளியே வராது. நாற்பது வாட்ஸ் விளக்குக்கு இத்தனை பெயர்! அதன் கீழே நூற்றாண்டுகளாக நிற்கும் சிற்பத்துக்கு ஒரு பெயரும் கிடையாது. இன்றைக்குப் புதிதாகக் கோபுரச் சுதை வேலை செய்பவர் பெயராவது கும்பாபிஷேகக் கல்வெட்டில் இருக்கிறதா என்று தேடினால், அங்கேயும் பெரும்பாலும் வந்து போன பிரமுகர்கள் பட்டியல்தான்.

பெயர் இல்லாததன் விளைவு இதோடு நிற்பதில்லை. ஆள் இல்லாத பொருளை யாரும் மதிப்பதில்லை. "யாரோ வரைஞ்சது" என்ற நினைப்பு இருப்பதால்தான் தமிழகம் முழுக்கப் பழைய சுவரோவியங்கள்மேல் வெள்ளையடிக்க மனம் வந்தது. "யாரோ செதுக்கினது" என்பதால்தான் கருங்கல் தூணுக்கு எனாமல் பெயிண்ட். இன்னும் மோசம், மணலை வேகமாகப் பீய்ச்சி அடித்துச் சுத்தம் செய்வது. அழுக்கு மட்டுமா போகிறது? கல்லின் மேல்தோலும், கண் இமையின் நுணுக்கக் கோடும், கல்வெட்டு எழுத்தும் சேர்ந்தே போய்விடும். புண்ணான கல்லுக்குள் தண்ணீர் சுலபமாக இறங்கும். பழங்கோயில்களைக் காப்பாற்ற 2021 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் 75 உத்தரவுகள் போட வேண்டிய நிலை வந்தது என்றால் நிலைமை புரியும்.

குற்றாலத்தின் ஆபத்து தனி ரகம். ஜூனிலிருந்து சாரல், அது முடிந்து ஐப்பசி மழை. ஈரம் சுவருக்குள் ஏறும்போது உப்பையும் கூட்டிக்கொண்டு வரும். சுவர் காயும்போது உப்பு மேலே வந்து படிகமாகி, சுண்ணாம்புப் பூச்சை உள்ளிருந்து தள்ளும். வண்ணம் செதில் செதிலாக உதிரும். எண்ணெய் விளக்கின் கரியும் கற்பூரப் புகையும் வேறு. கருங்கல் சிலை ஆயிரம் வருடம் தாங்கும், சுவரில் இருக்கும் படம் தாங்காது. திருமலாபுரத்திலேயே உள்ள முற்காலப் பாண்டியர் குடைவரையில் தாமரையும் அன்னமும் நடனமாடுபவர்களும் ஒரு காலத்தில் முழுசாக இருந்திருப்பார்கள். இன்று மிஞ்சியிருப்பது துண்டு துணுக்கு. சித்திர சபைக்கும் அந்த கதி வந்தால் போவது ஓர் ஓவியம் மட்டுமா? அங்கே மூர்த்தியே ஓவியம்தானே!

"கோயில் வழிபாட்டு இடம், மியூசியம் இல்லை. பழசானால் புதுப்பிக்கத்தான் செய்வார்கள்" என்று ஒரு வாதம் வரும். சரி, புதுப்பிக்கட்டும். தென்காசியின் ராஜகோபுரம் சிதைந்து நெடுங்காலம் மொட்டையாக நின்றது. 1990ல் ஒன்பது நிலையோடு மறுபடியும் எழுந்தது. விழுந்ததை எழுப்பியதை யாரும் குறை சொல்லவில்லை. நின்றுகொண்டிருப்பதை அழித்துவிட்டு அதன் மேலேயே பளபளவென்று பூசுவதற்குப் பெயர் புதுப்பித்தல் கிடையாது.

இதில் பராக்கிரம பாண்டியரையே சாட்சிக்குக் கூப்பிடலாம். பின்னாளில் இந்தக் கோயிலுக்குச் சிதைவு ஏற்பட்டால் அதைச் சரி செய்து காப்பவர்கள் யாராக இருந்தாலும் அவர்கள் காலில் விழுந்து வணங்குவதாக அவர் கல்வெட்டில் பாட்டாகவே எழுதி வைத்திருக்கிறார். முடிசூடிய மன்னன், இன்னும் பிறக்காத யாரோ ஒருவரின் காலில் விழுகிறார்! உருக்கமான விஷயம்தான், சந்தேகமே இல்லை. ஆனால் அந்த வரிகளைக் கல்லில் ஒவ்வோர் எழுத்தாக வெட்டிய கை யாருடையது? காக்கப்போகிறவனை வணங்கிய மன்னருக்கும், கட்டிக்கொண்டிருந்தவன் பெயரை அதே கல்லில் சேர்க்கத் தோன்றவில்லையே!

சரி, என்ன செய்யலாம்? பெரிய பட்ஜெட் எதுவும் தேவையில்லை.

1. சித்திர சபைச் சுவர் ஒவ்வொன்றையும் அங்குலம் அங்குலமாகப் போட்டோ எடுத்து, எல்லோரும் பார்க்கும்படி வைக்க வேண்டும். அப்போதுதான் எது எப்போது உதிர்ந்தது என்று தெரியும்.

2. பழைய ஓவியத்தில் கை வைப்பவர் பயிற்சி பெற்றவராக இருக்க வேண்டும். "நல்லா பெயிண்ட் அடிப்பார்" என்பது தகுதி ஆகாது.

3. இனி நடக்கும் ஒவ்வொரு திருப்பணியிலும் ஸ்தபதி முதல் கல் தச்சர், சுதை வேலை செய்பவர், வண்ணம் தீட்டுபவர் வரை எல்லார் பெயரும் கல்லில் வர வேண்டும். உபயதாரர் பெயருக்கு மேலே! பெயர் இருந்தால் புகழ் மட்டுமில்லை, பொறுப்பும் வரும். தப்பாகச் செய்தால் பேரன் காலம்வரை கேட்பார்கள்.

4. "இன்னார் கட்டியது" என்று பாடம் நடத்தும் ஆசிரியர்கள் இனிமேல் "இன்னார் கட்டச் சொன்னது" என்று நடத்தலாம். வித்தியாசம் ஒரு வார்த்தைதான்.

இழந்த பெயர்களை இனிமேல் தோண்டி எடுக்க முடியாமல் போகலாம். ஆனால் பெயரைத் தொலைத்ததை ஒரு பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிவதையாவது நிறுத்தலாம். அடுத்த சீசனில் குற்றாலம் போகிறவர்கள் அருவியில் குளித்து, தலை துவட்டி, புரோட்டா சாப்பிடுவதற்கு முன்னால் ஒரு அரைமணி நேரம் சித்திர சபைக்குப் போய்விட்டு வாருங்கள். சாமி கும்பிடுகிறவர்கள் கும்பிடுங்கள், கும்பிடாதவர்கள் பாருங்கள். அப்படியே அங்கே இருப்பவர்களிடம் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "இதை வரைஞ்சது யாருங்க?"

பத்துப் பேர் கேட்டால் சிரிப்பார்கள். பத்தாயிரம் பேர் கேட்டால் பதில் தேட ஆரம்பிப்பார்கள்.