கம்பெனிக்கு உடம்பில்லை, டைரக்டருக்கு உண்டு

காரைக்குடி வட்டாரத் தோழர்களுக்குப் பழைய லேவாதேவிக் கடைகளின் கதை புதிதல்ல. முதலாளி தேவகோட்டையிலோ கண்டனூரிலோ இருப்பார். ரங்கூனில் கடையை நடத்துகிறவர், மூன்று வருஷக் கணக்குக்குப் போன ஏஜண்டு. ஆனால் கடை நடந்தது முதலாளியின் விலாசத்தில். கொடுக்கல் வாங்கலில் வில்லங்கம் வந்தால், "நான் ரங்கூனைக் கண்ணால் கண்டதில்லை, ஏஜண்டைக் கேளுங்கள்" என்று அவர் கைகழுவ முடியாது. விலாசம் யாருடையதோ, கடனும் அவருடையது. அந்தக் கடைகளிடம் கடன்பட்ட பர்மா விவசாயியின் நிலம் எப்படிக் கைமாறிற்று என்பதை நாம் மறக்கவில்லை. அது வேறு கதை. பொறுப்பைப் பொறுத்தவரை கணக்கு நேராக இருந்தது.

இன்றைய லிமிடெட் கம்பெனியில் இந்தக் கணக்கு தலைகீழ். லாபம் பங்கு போடும்போது டைரக்டர் முன்வரிசையில் இருக்கிறார். வரி மோசடிக்குக் கோர்ட்டு சம்மன் வந்தால், "நான் பெயருக்குத்தான் டைரக்டர், எல்லாம் அக்கவுண்டண்டு வேலை" என்கிறார்!

கம்பெனியின் வரி விவகாரம் நமக்கெதற்கு என்று மில் தொழிலாளி கேட்கலாம். சம்பளத்தில் பி.எப். பணத்தைப் பிடித்துக்கொண்டு கட்டாமல் விட்ட முதலாளியை அவருக்குத் தெரியும். வரியைப் பிடித்துக்கொண்டு சர்க்காருக்குக் கட்டாத கம்பெனி செய்வதும் அதே வேலைதான். பிடித்த பணம் கம்பெனியின் பணமல்ல. சோப்புக்கும் செருப்புக்கும் விவசாயத் தொழிலாளி கொடுக்கும் ஜி.எஸ்.டி.யும் கடைசியில் ஏதோ ஒரு கம்பெனியின் கை வழியாகத்தான் கஜானாவுக்குப் போக வேண்டியிருக்கிறது.

சட்டம் இதைக் கண்டுகொள்ளாமல் இல்லை. 1961ஆம் வருஷத்து வருமானவரிச் சட்டத்தில் 1975இல் 278-பி என்ற பிரிவைச் சேர்த்தார்கள். குற்றம் நடந்த காலத்தில் கம்பெனி நிர்வாகத்துக்குப் பொறுப்பாளராக இருந்தவரும் குற்றவாளியே என்றது அது. தெரியாமல் நடந்தது, தடுக்க முழு முயற்சி செய்தேன் என்று அவர்தான் நிரூபிக்க வேண்டும். பிடித்த வரியைக் கட்டாத குற்றத்துக்கு மூன்று மாதம் முதல் ஏழு வருஷம் வரை கடுங்காவல் என்றும் அச்சட்டம் எழுதி வைத்தது.

ஆனால் கம்பெனியை எப்படி ஜெயிலில் போடுவது? கட்டாயச் சிறைத்தண்டனை உள்ள குற்றத்துக்குக் கம்பெனி மீது வழக்கே நடத்த முடியாது என்று 2003இல் வேலியப்பா டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட் கூறியது. 2005இல் ஸ்டாண்டர்டு சார்ட்டர்டு பாங்க் வழக்கில் ஐந்து நீதிபதிகளில் மூவர் அதை மாற்றினர்: வழக்கு நடத்தலாம், அபராதம் போடலாம். நல்லது. ஆனால் அபராதம் கம்பெனிப் பணத்திலிருந்து போகிறது, டைரக்டரின் பையிலிருந்தல்ல. மில்லில் கைச்செலவு கூடினால் முதலில் வெட்டு விழுவது எங்கே என்று தொழிலாளிக்கு நாம் சொல்லித் தர வேண்டியதில்லை. ஆகவேதான் டைரக்டரின் சொந்தப் பொறுப்பு முக்கியம் என்கிறோம்.

2007இல் மதுமிலன் சின்டெக்ஸ் வழக்கில், "பிடித்த வரியைப் பிந்திக் கட்டிவிட்டோமே, குற்றம் எங்கே?" என்று கேட்டார்கள். பிந்திக் கட்டினால் குற்றம் மறையாது. டைரக்டர்களுக்குப் பொறுப்பு உண்டா இல்லையா என்பதை விசாரணையில் பார்த்துக்கொள்ளுங்கள் என்று சுப்ரீம் கோர்ட் திருப்பி அனுப்பியது.

நம் மாநிலத்து உதாரணம் எல்லோரும் அறிந்தது. சசி எண்டர்பிரைசஸ் என்ற கூட்டு நிறுவனம் 1991-92, 1992-93ஆம் வருஷங்களுக்கு வருமானவரிக் கணக்குத் தாக்கல் செய்யவில்லை என்பது வழக்கு. பங்குதாரர்கள் ஜெயலலிதாவும் சசிகலாவும். 2014 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட் அவர்கள் அப்பீலைத் தள்ளி, விசாரணையை நான்கு மாதத்தில் முடிக்கச் சொன்னது. நடந்தது என்ன? ஏறத்தாழ 2 கோடி ரூபாய் கட்டிச் சமரசம் செய்துகொண்டார்கள். 2015 ஜனவரியில் வழக்கு முடிந்தது. குற்றம் செய்தார்களா இல்லையா என்று எந்தக் கோர்ட்டும் தீர்ப்புச் சொல்லாமலே முடிந்தது! இது சட்டத்துக்கு உட்பட்டதுதான். அந்தச் சட்டத்தைத்தான் கேள்வி கேட்கிறோம். தோப்பில் தேங்காய் எடுத்ததாகப் பிடிபட்ட கூலியாளிடம் போலீஸ் ஸ்டேஷனில் எவராவது சமரசக் கட்டண ரசீதை நீட்டுகிறார்களா?

கயிறு மேலும் தளர்ந்து வருகிறது. போலி பில் குற்றம் தவிர, ஜி.எஸ்.டி. கிரிமினல் வழக்குக்கான தொகை வரம்பை 2023இல் 1 கோடியிலிருந்து 2 கோடியாக உயர்த்தினார்கள். பிடித்த வரியைப் பிந்திக் கட்டினாலும், காலாண்டுக் கணக்கு கொடுக்கும் கெடுவுக்குள் கட்டினால் வழக்கில்லை என்று 2024இல் சலுகை தந்தார்கள்.

மறுபக்கம் பாருங்கள். கடன் வாங்கித் தருகிறேன், சர்க்கார் உதவி வாங்கித் தருகிறேன் என்று கூலித் தொழிலாளிகளின் ஆதாரையும் பான் கார்டையும் வாங்கி, அவர்கள் பெயரிலேயே கம்பெனி திறந்து போலி பில் போடும் கூட்டம் தமிழ்நாட்டில் உலவுகிறது. நாள்கூலி வாங்குகிறவர் வீட்டுக்குக் கோடிக்கணக்கில் ஜி.எஸ்.டி. நோட்டீஸ் வந்த செய்திகள் ஒன்றிரண்டல்ல. நிஜ டைரக்டர் "பெயருக்குத்தான் இருந்தேன்" என்று தப்புகிறார். நிஜமாகவே பெயரை மட்டும் இழந்தவர் ஆபீஸ் ஆபீஸாக அலைகிறார்.

தோழர்களே, கார்டு நகலையோ, போனுக்கு வரும் ரகசிய எண்ணையோ எவருக்கும் கொடுக்காதீர்கள். நோட்டீஸ் வந்தால் பயந்து மூலையில் செருகி வைக்காதீர்கள். அதில் பதில் கொடுக்கக் கெடு உண்டு. உடனே போலீசில் எழுத்து மூலம் புகார் கொடுத்து ரசீது வாங்குங்கள். அந்த நகலோடு வரி ஆபீசுக்குப் பதில் எழுதுங்கள். எழுத உதவி வேண்டுமானால் சங்க ஆபீசுக்கு வாருங்கள்.

சர்க்காருக்கு நாம் வைக்கும் கோரிக்கை இது: 1961 சட்டத்தின் இடத்தில் 2025இல் புது வருமானவரிச் சட்டம் நிறைவேற்றியிருக்கிறீர்கள், டைரக்டர் பொறுப்பு அதிலும் இருக்கிறது. தொழிலாளியிடம் பிடித்த பணத்தைக் கட்டாத குற்றத்துக்கு அதில் சமரசம் கூடாது. சமரசம் செய்துகொண்ட ஒவ்வொரு கம்பெனியின் பெயரையும், கட்டிய தொகையையும், டைரக்டர்களின் பெயரையும் வருஷந்தோறும் பார்லிமெண்டில் வைக்க வேண்டும்.